விதி ஒன்று, விளக்கங்கள் பல: ஆசிரியர் நியமனங்களில் தொடரும் தகைமைப் பிணக்குகள்

ஆசிரியர் நியமனங்கள் வழங்கப்படும் ஒவ்வொரு தடவையும் எமது நாட்டில் இரண்டு நிகழ்வுகள் அடுத்தடுத்து இடம்பெறுவது வழக்கமாகிவிட்டது. முதலாவது, அமைச்சர்களோ ஆளுநர்களோ மேடையில் நின்று நியமனக் கடிதங்களைக் கையளிக்கும் வைபவம். இரண்டாவது, அதே கடிதம் தமக்கு ஏன் மறுக்கப்பட்டது என்று கேட்டுக் கல்வி அமைச்சின் முன்பாகவும் ஆளுநர் செயலகத்தின் முன்பாகவும் விண்ணப்பதாரிகள் நடத்தும் கவனயீர்ப்புப் போராட்டம். வடக்கு, கிழக்கு, மலையகம் என்ற வேறுபாடின்றி இக்காட்சி மீண்டும் மீண்டும் அரங்கேறி வருகின்றது.

இத்தகைய போராட்டங்களின் பின்னணியை ஆராயும்போது, பிணக்குகள் பல பரீட்சைப் புள்ளிகளைப் பற்றியவை அல்ல என்பது புலப்படும். வர்த்தமானி அறிவித்தலில் இடம்பெற்ற ஒரு சொல்லுக்கோ ஒரு வாசகத்துக்கோ எவ்வாறு பொருள் கொள்வது என்பதே அங்கு பிரச்சினையாக இருக்கின்றது. 'நிரந்தர வதிவிடம்' என்றால் என்ன? 'பட்டம் பெற்றவர்' என்று ஒருவர் எந்தத் திகதியிலிருந்து கருதப்படுவார்? 'தொடர்ச்சியான சேவை' எதனால் தடைப்படுகின்றது? 'சமமான தகைமை' எது, அதைத் தீர்மானிப்பவர் யார்? இக்கேள்விகளுக்கு ஒரு மாகாணத்தில் ஒரு பதிலும் மறு மாகாணத்தில் வேறொரு பதிலும் கிடைக்குமானால், ஏன், ஒரே மாகாணத்தின் இரண்டு நேர்முகப் பரீட்சைச் சபைகளிடமிருந்தே வெவ்வேறு பதில்கள் கிடைக்குமானால், அந்த விதி விதியாக இருக்க முடியாது.

தகைமை விதி கடுமையாக இருக்க வேண்டுமா, தளர்வாக இருக்க வேண்டுமா என்ற விவாதத்திலேயே அரசியல்வாதிகளும் தொழிற்சங்கங்களும் பெரும்பாலும் காலத்தைக் கழித்து வருகின்றனர். ஆனால் அதற்கு முன்பாகக் கேட்கப்பட வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. விதியின் பொருள் எப்போது தீர்மானிக்கப்படுகின்றது? விண்ணப்பம் கோரப்படும் வேளையில் அது தீர்மானிக்கப்பட்டு அனைவருக்கும் அறிவிக்கப்பட்டிருந்தால், கடுமையான விதியைக் கூட மக்கள் ஏற்றுக்கொள்வர். விண்ணப்பதாரிகளின் பெயரும் ஊரும் தெரிந்த பின்னர், நேர்முகப் பரீட்சை மேசையில் வைத்து அது தீர்மானிக்கப்படுமானால், எவ்வளவு நியாயமான விளக்கமும் சந்தேகத்துக்கு உள்ளாகவே செய்யும்.

விதிகளின் படிநிலை

இலங்கையில் ஆசிரியர் ஆட்சேர்ப்புக்கான அடிப்படை ஆவணம் இலங்கை ஆசிரியர் சேவைப் பிரமாணக் குறிப்பாகும். 1994ஆம் ஆண்டு ஒக்டோபரில் நடைமுறைக்கு வந்த இச்சேவையின் பிரமாணக் குறிப்பு, 2014ஆம் ஆண்டு ஒக்டோபர் 23ஆம் திகதிய அதிவிசேட வர்த்தமானி மூலம் புதிதாக வெளியிடப்பட்டது. பட்டதாரிகள், தேசிய கல்வியியற் கல்லூரிகளில் டிப்ளோமா பெற்றவர்கள் எனப் பல்வேறு பிரிவினர் எந்த வகுப்புக்கு, எந்தத் தரத்துக்கு, எத்தகைய தகைமையுடன் சேர்க்கப்படலாம் என்பதை இக்குறிப்பே வரையறுக்கின்றது.

இதற்கு மேலே அரசியலமைப்பு இருக்கின்றது. அதன் 12ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் அனைவரும் சமம் என உரைக்கின்றது. 1987ஆம் ஆண்டின் 13ஆவது திருத்தம் தேசிய பாடசாலைகள் தவிர்ந்த ஏனைய அரச பாடசாலைகளை மாகாண சபைகளின் கீழ் கொண்டுவந்தது. அதே ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டம் மாகாண அரச சேவை நியமன அதிகாரத்தை ஆளுநரிடம் ஒப்படைத்து, அதனை மாகாணப் பொதுச்சேவை ஆணைக்குழுவிடம் கையளிக்க வழிசெய்தது. பிரமாணக் குறிப்புக்குக் கீழே ஆட்சேர்ப்புக்கான வர்த்தமானி அறிவித்தல், அதற்கும் கீழே நேர்முகப் பரீட்சைச் சபைக்கு வழங்கப்படும் அறிவுறுத்தல்கள் என்பன வருகின்றன.

இப்படிநிலையை நாம் இவ்வளவு விரிவாகக் கூறுவதற்குக் காரணம் உண்டு. மேலேயுள்ள விதியைக் கீழேயுள்ள ஆவணம் மாற்ற முடியாது என்பது சட்டத்தின் அரிச்சுவடி. பிரமாணக் குறிப்பில் இல்லாத தகைமையொன்றை நேர்முகப் பரீட்சைச் சபை புதிதாகக் கோர முடியாது. அதில் உள்ள தகைமையொன்றை அச்சபை கருணையினால் நீக்கவும் முடியாது. ஆனால் நடைமுறையில் விண்ணப்பதாரி சந்திப்பது அரசியலமைப்பை அல்ல. மேசைக்கு அப்பால் அமர்ந்திருக்கும் மூன்று அலுவலர்களையே. அவர்கள் கூறுவதே அவருக்கு விதியாகின்றது.

திகதி பற்றிய பிணக்கு

பிணக்குகளில் முதலிடம் வகிப்பது திகதி. விண்ணப்ப முடிவுத் திகதியன்று எல்லாத் தகைமைகளையும் எல்லா வகையிலும் பூர்த்தி செய்திருத்தல் வேண்டும் என்ற வாசகம் எமது வர்த்தமானி அறிவித்தல்களில் வழக்கமாக இடம்பெறுவது. வாசிப்பதற்குத் தெளிவான இவ்வாசகம், பல்கலைக்கழக மாணவர் விடயத்தில் சிக்கலாகிவிடுகின்றது. இறுதிப் பரீட்சை முடிந்த நாள், பெறுபேறு வெளியான நாள், பட்டம் செல்லுபடியாகும் எனச் சான்றிதழில் குறிக்கப்படும் நாள், பட்டமளிப்பு விழா நடைபெற்ற நாள் என நான்கு திகதிகள் ஒரே பட்டத்துக்கு உண்டு. இவற்றில் எதை வைத்து ஒருவர் 'பட்டம் பெற்றவர்' ஆகின்றார் என்பதை அறிவித்தல் தெளிவாகக் கூறாதவிடத்து, சபைக்குச் சபை விளக்கம் மாறுகின்றது.

இதில் விண்ணப்பதாரியின் குற்றம் எதுவுமில்லை. 2020ஆம் ஆண்டின் பெருந்தொற்று, 2022ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடி, 2024ஆம் ஆண்டில் இரண்டு மாதங்களுக்கு மேல் நீடித்த கல்விசாரா ஊழியர்களின் வேலைநிறுத்தம் என்பன பல்கலைக்கழகங்களின் கால அட்டவணையைச் சீர்குலைத்தன. ஒரே ஆண்டில் உயர்தரப் பரீட்சைக்குத் தோற்றியவர்களில் ஒருவர் யாழ்ப்பாணத்திலும் மற்றொருவர் வந்தாறுமூலையிலும் இன்னொருவர் ஒலுவிலிலும் பயின்று, வெவ்வேறு காலங்களில் வெளியேறுவது இயல்பாகிவிட்டது.

அயல்நாடான இந்தியாவின் உச்ச நீதிமன்றம் இவ்விடயத்தில் நீண்ட காலம் தடுமாறிய பின்னர் ஒரு முடிவுக்கு வந்தது. சமத்துவ உரிமை தொடர்பான வழக்குகளில் அந்நீதிமன்றத்தின் தீர்ப்புகளை எமது நீதிமன்றங்கள் அடிக்கடி எடுத்தாள்வதால் அதனை இங்கு நோக்குவது பொருத்தமானது. முடிவுத் திகதிக்குப் பின்னர் பெறுபேறு வெளியானவர்களையும் சேர்த்துக்கொண்டது சரியே என 1993இல் கூறிய அதே நீதிமன்றம், 1997இல் அந்நிலைப்பாட்டை மாற்றிக்கொண்டது. விண்ணப்ப முடிவுத் திகதியன்று உள்ள தகைமையே கணக்கிடப்பட வேண்டும் என்றது. பெறுபேறு வரவில்லையே என்று எண்ணி விண்ணப்பிக்காமல் விட்டவர்கள் பலர் இருப்பர். பெறுபேறின்றி விண்ணப்பித்தவர்களை ஏற்றுக்கொண்டால், விதியை மதித்து ஒதுங்கியிருந்தவர்களுக்கு அநீதி இழைக்கப்படுகின்றது என்பதே அதன் தர்க்கம்.

அத்தர்க்கம் சரியானதே என நாம் கருதுகின்றோம். ஆனால் கடுமையான திகதியை விதிக்கும் உரிமையுடன் ஒரு கடப்பாடும் சேர்ந்தே வருகின்றது. எந்தத் திகதி கணக்கிடப்படும் என்பதை அறிவித்தலே ஐயத்துக்கு இடமின்றிக் கூற வேண்டும். பட்டமளிப்பு விழா நடைபெறாமைக்கு மாணவர் பொறுப்பல்லர் என்பதால், பட்டம் செல்லுபடியாகும் திகதியையே அடிப்படையாகக் கொள்வது நியாயமானது.

வயதெல்லையும் இத்தகையதே. பட்டதாரிகளுக்கு 35 வயது என்ற எல்லை ஆண்டுதோறும் ஆட்சேர்ப்பு நடைபெறும் நாட்டுக்குப் பொருந்தும். பல ஆண்டுகள் ஆட்சேர்ப்பே இல்லாதிருந்து பின்னர் ஒரு நாள் விண்ணப்பம் கோரும்போது, இடைப்பட்ட ஆண்டுகளின் சுமையை விண்ணப்பதாரியின் வயதில் ஏற்றுவது முறையல்ல. தளர்வு தேவையெனில் அது அறிவித்தலிலேயே, எல்லோருக்குமாக, முன்கூட்டியே வர வேண்டும்.

வதிவிடம் என்னும் பொறி

மாகாண மட்ட ஆட்சேர்ப்பில் தமிழ், முஸ்லிம் மக்களை மிக ஆழமாகப் பாதிக்கும் விதி வதிவிட விதியாகும். முடிவுத் திகதிக்கு முன்னர் மூன்று ஆண்டுகள் தொடர்ச்சியாக அந்த மாகாணத்தில் நிரந்தர வதிவிடத்தைக் கொண்டிருத்தல் வேண்டும் என்பது வழமையான நிபந்தனை. வாக்காளர் இடாப்பின் பிரதியும், பிரதேச செயலாளர் மேலொப்பமிட்ட கிராம உத்தியோகத்தரின் சான்றிதழும் இதற்கு ஆதாரமாகக் கோரப்படுவதுண்டு.

இவ்விதியின் நோக்கம் நல்லதே. பின்தங்கிய பிரதேசப் பாடசாலைகளுக்கு வெளியிலிருந்து நியமனம் பெற்று வருவோர், சில காலத்தில் இடமாற்றம் பெற்றுச் சென்றுவிடும் அனுபவம் எமக்கு நிறையவே உண்டு. உள்ளூரில் வாழ்பவர் நிலைத்து நிற்பார் என்ற எதிர்பார்ப்பே இதன் அடிப்படை. ஆனால் போரினால் வேரோடு பிடுங்கப்பட்ட சமூகங்களிடம் 'நீங்கள் மூன்று ஆண்டுகள் எங்கே இருந்தீர்கள்?' என்று கேட்கும்போது, இவ்விதி அதன் நோக்கத்துக்கே எதிராகத் திரும்பிவிடுகின்றது.

1990ஆம் ஆண்டு ஒக்டோபரில் வடக்கின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம் மக்களின் பிள்ளைகள் பலர் புத்தளத்தில் பிறந்து அங்கேயே கல்வி கற்றவர்கள். அவர்களுள் ஒரு பட்டதாரி, பெற்றோரின் ஊரான முசலிக்கோ யாழ்ப்பாணத்துக்கோ திரும்பி ஆசிரியராக விண்ணப்பிக்கும்போது அவரது நிரந்தர வதிவிடம் எது? வடமேல் மாகாணத்தில் அவர் இடம்பெயர்ந்தவர். வட மாகாணத்தில் அவர் வராதவர். இரு மாகாணங்களும் அவரை மற்றதற்கு அனுப்புமானால் அவர் எந்த மாகாணத்தின் பிரசை?

இதே கேள்வியை வன்னியிலிருந்து 2008, 2009ஆம் ஆண்டுகளில் இடம்பெயர்ந்து முகாம்களிலும் உறவினர் வீடுகளிலும் வாழ்ந்த தமிழ்க் குடும்பங்களும் எதிர்கொண்டன. 1988 முதல் ஒரே மாகாணமாக நிருவகிக்கப்பட்ட வடக்கும் கிழக்கும் உயர் நீதிமன்றத்தின் 2006ஆம் ஆண்டு ஒக்டோபர் தீர்ப்பை அடுத்து 2007ஆம் ஆண்டு முதல் பிரிக்கப்பட்டன. வவுனியாவிலிருந்து திருகோணமலைக்குக் குடிபெயர்வது அதற்கு முன்னர் மாகாணம் விட்டு மாகாணம் செல்வதாக இருக்கவில்லை. அதற்குப் பின்னர் அது வதிவிடத்தை இழப்பதாக மாறியது. மட்டக்களப்பில் பிறந்து மன்னாரில் திருமணம் முடித்த பெண்ணொருவர், பிறந்த மாகாணத்தின் இடாப்பிலிருந்து நீங்கி, புகுந்த மாகாணத்தில் மூன்று ஆண்டுகள் பூர்த்தியாகும் வரை இரண்டிலுமே தகைமையற்றவராக நிற்கின்றார். மலையகத்தில் நிலைமை வேறு விதமானது. தலைமுறை தலைமுறையாக ஒரே லயத்தில் வாழ்ந்தும் தனக்கென ஒரு முகவரி இல்லாது, தோட்டத்தின் பொது முகவரியையே பயன்படுத்தி வரும் குடும்பங்கள், வதிவிடத்தை ஆவணத்தால் நிரூபிக்குமாறு கேட்கப்படுகின்றன.

சட்டம் இதற்கு வழிகாட்டவே செய்கின்றது. இடம்பெயர்ந்தோரின் பெயர்களை அவர்களது சொந்த இடங்களின் வாக்காளர் இடாப்பில் பதிவதற்கென 2013ஆம் ஆண்டின் 27ஆம் இலக்க வாக்காளர் பதிவு விசேட ஏற்பாடுகள் சட்டம் நிறைவேற்றப்பட்டது. பலவந்தத்தினால் ஏற்பட்ட இடைவெளி ஒருவருக்கும் அவரது மண்ணுக்கும் உள்ள உறவை அறுத்துவிடாது என்பதே அச்சட்டத்தின் உட்பொருள். வாக்குரிமைக்கு ஏற்றுக்கொள்ளப்பட்ட இக்கோட்பாட்டைத் தொழில் உரிமைக்கும் ஏற்றுக்கொள்வதில் தயக்கம் காட்டப்பட வேண்டியதில்லை. வதிவிட விதியை அதன் நோக்கத்தைக் கொண்டு வாசிப்பதென்றால், 'இவர் எங்கே உறங்கினார்?' என்பதை மாத்திரமன்றி, 'இவர் இங்கே நிலைத்துப் பணியாற்றக் கூடியவரா?' என்பதையும் கேட்பதாகும்.

சமமான தகைமை எது?

மூன்றாவது பிணக்கு தகைமைகளின் சமத்துவம் பற்றியது. உள்வாரிப் பட்டமும் வெளிவாரிப் பட்டமும் சமமா, கணக்கியலில் உயர் தேசிய டிப்ளோமா வணிகப் பட்டத்துக்கு ஈடாகுமா, பட்டப்படிப்பில் ஒரு பாடமாகப் பயின்றது அப்பாடத்தைக் கற்பிக்கப் போதுமா என்பன பல்லாண்டுகளாகத் தொடரும் சர்ச்சைகள். உயர் தேசிய கணக்கியல் டிப்ளோமா மாணவர்கள் தமது தகைமைக்குரிய அங்கீகாரத்தைக் கோரி 2015ஆம் ஆண்டு ஒக்டோபர் 29ஆம் திகதி கொழும்பில் நடத்திய ஆர்ப்பாட்டம் பொலிஸாரின் தடியடியில் முடிந்தது. சுற்றறிக்கையொன்றின் மூலம் தெளிவாக முடிவு கட்டியிருக்க வேண்டிய விடயம் வீதியில் இரத்தம் சிந்துவதில் போய் முடிந்ததை எவரும் மறந்திருக்க முடியாது.

முஸ்லிம் பாடசாலைகளில் இஸ்லாம் பாடத்துக்கும் அரபு மொழிக்கும் ஆசிரியர்களைச் சேர்ப்பதில் இப்பிரச்சினை இன்னொரு வடிவம் எடுக்கின்றது. அரபுக் கல்லூரியில் ஆறு, ஏழு ஆண்டுகள் பயின்று மௌலவிப் பட்டம் பெற்றவர், பரீட்சைத் திணைக்களம் நடத்தும் அல் ஆலிம் பரீட்சையில் சித்தியடைந்தவர், பல்கலைக்கழகத்தில் இஸ்லாமிய நாகரிகமோ அரபோ கற்ற பட்டதாரி ஆகிய மூவரும் ஒரே வகுப்பறைக்கு வெவ்வேறு வாசல்கள் வழியாக வருகின்றனர். இவர்களுள் யாருக்கு எந்தத் தரம் என்ற கேள்விக்கு நிலையான பதில் இல்லாதிருப்பது, மௌலவி ஆசிரியர் நியமனங்கள் ஆண்டுக் கணக்கில் இழுபட்டமைக்கான காரணங்களில் ஒன்றாகும்.

உயர்ந்த தகைமை எப்போதும் பொருத்தமான தகைமையாக இருந்துவிடாது என்பதையும் இங்கு நினைவில் கொள்ள வேண்டும். இந்தியாவில் ஆரம்ப வகுப்புகளுக்குக் கல்விமாணிப் பட்டம் பெற்றோரும் விண்ணப்பிக்கலாம் என 2018ஆம் ஆண்டு ஜூன் மாதம் வெளியான அறிவித்தல் கூறியது. ஆரம்பக் கல்விக்கான டிப்ளோமா பெற்றோர் இதனை எதிர்த்தனர். 2023ஆம் ஆண்டு ஓகஸ்ட் 11ஆம் திகதி உச்ச நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. சிறு பிள்ளைகளுக்குக் கற்பிப்பதற்கான பயிற்சி வேறு, மேல் வகுப்புகளுக்குக் கற்பிப்பதற்கான பயிற்சி வேறு. பட்டத்தின் பெயர் பெரிதாக இருப்பதனால் மாத்திரம் அது முன்னதற்கு ஈடாகிவிடாது என்பதே தீர்ப்பின் சாரம். எனினும் 2024ஆம் ஆண்டு ஏப்ரலில் அந்நீதிமன்றம், தீர்ப்புத் திகதிக்கு முன்னரே நிபந்தனையின்றி நியமனம் பெற்றிருந்தோரின் பதவிகள் பாதிக்கப்படமாட்டா எனத் தெளிவுபடுத்தியது. விதி பற்றிய புதிய விளக்கம் முன்னோக்கிச் செல்ல வேண்டுமேயன்றி, நம்பிப் பணியில் சேர்ந்தவரைப் பின்னோக்கி வந்து தாக்கக் கூடாது என்ற இந்நிலைப்பாடு எமது அதிகாரிகளின் கவனத்துக்கும் உரியது.

சேவையா, தகைமையா?

நான்காவது பிணக்கு மிகவும் வேதனைக்குரியது. போர்க்காலத்தில் வடக்கு, கிழக்குப் பாடசாலைகள் பலவற்றை இயங்க வைத்தவர்கள் தொண்டர் ஆசிரியர்கள். ஊதியமின்றியோ சொற்ப கொடுப்பனவுடனோ அவர்கள் பணியாற்றினர். பின்னர் கட்டங்கட்டமாக அவர்களை உள்ளீர்க்க முற்பட்ட வேளைகளில், தொடர்ச்சியான சேவைக்கான ஆதாரமாகப் பாடசாலையின் வரவு இடாப்பும் சம்பவத் திரட்டுப் புத்தகமும் கோரப்பட்டன. பாடசாலையே குண்டுவீச்சில் அழிந்த இடங்களில் இடாப்பு எங்கிருந்து வரும்? மறுபுறத்தில், ஒரு நாளேனும் வகுப்பறைக்குள் நுழையாத சிலருக்கு அரசியல் செல்வாக்கினால் சான்றுக் கடிதங்கள் கிடைத்தன என்ற குற்றச்சாட்டும் எழுந்தது. ஆவணத்தை மாத்திரம் நம்பினால் உண்மையான தொண்டர் வெளியே நிற்பார். ஆவணத்தைக் கைவிட்டால் பொய்யானவர் உள்ளே வருவார். அதிபரின் சத்தியக் கடதாசி, கோட்டக் கல்வி அலுவலரின் உறுதிப்படுத்தல், பெயர்ப்பட்டியலைப் பாடசாலையிலேயே பகிரங்கமாகக் காட்சிப்படுத்தி ஆட்சேபனை கோருதல் என்பனவற்றை மாற்று ஆதாரங்களாக முன்கூட்டியே வகுத்திருந்தால் இவ்விரு தீமைகளையும் பெருமளவு தவிர்த்திருக்கலாம்.

மலையகப் பாடசாலைகளுக்கென 2014, 2015ஆம் ஆண்டுக் காலப்பகுதியில் 3,000க்கும் மேற்பட்டோரை ஆசிரிய உதவியாளர்களாகச் சேர்க்கும் திட்டம் முன்னெடுக்கப்பட்டது. ஆரம்பத்தில் மாதம் 6,000 ரூபாவும் பின்னர் 10,000 ரூபாவும் கொடுப்பனவாகப் பெற்ற இவர்கள், முழு நேரமும் கற்பித்தனர். பயிற்சியை முடித்த பின்னரே ஆசிரியர் சேவைக்குள் உள்ளீர்ப்பு என்பது நிபந்தனை. உதவியாளராகக் கற்பித்த காலம் சேவைக்காலமா, இல்லையா என்ற கேள்வி, ஒருவரது பதவி உயர்வையும் ஓய்வூதியத்தையும் தீர்மானிக்கும் கேள்வியாகும். ஆட்சேர்ப்பின் போதே அதற்கு எழுத்தில் பதில் அளித்திருக்க வேண்டும்.

2020ஆம் ஆண்டு முதல் பயிலுநர்களாகச் சேர்க்கப்பட்டு, அபிவிருத்தி உத்தியோகத்தர்களாகிப் பாடசாலைகளில் இணைக்கப்பட்ட பட்டதாரிகளின் கோரிக்கையும் இத்தகையதே. 'நாம் ஏற்கனவே கற்பிக்கின்றோம்; எம்மை ஆசிரியர் சேவைக்குள் உள்ளீர்க்க வேண்டும்' என்கின்றனர் அவர்கள். அரச சேவையிலுள்ள பட்டதாரிகளைப் போட்டிப் பரீட்சை மூலம் ஆசிரியர் சேவைக்குச் சேர்க்க எடுக்கப்பட்ட முயற்சியின் கீழ், 2023ஆம் ஆண்டு மார்ச் 25ஆம் திகதி நடைபெறவிருந்த பரீட்சை, உயர் நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவை அடுத்துப் பிற்போடப்பட்டது. வகுப்பறையில் நிற்பவரின் அனுபவம் மதிக்கப்பட வேண்டும் என்பது ஒரு நியாயம். அவ்வாய்ப்பே கிடைக்காது வீட்டில் காத்திருக்கும் பட்டதாரிக்கும் சமமாகப் போட்டியிடும் உரிமை உண்டு என்பது இன்னொரு நியாயம். இவ்விரு நியாயங்களையும் மோதவிட்டவர் விண்ணப்பதாரிகள் அல்லர். ஆசிரியர் வேலையை ஆசிரியர் அல்லாத பதவியொன்றின் பெயரில் வாங்கிய நிருவாகமே அதற்குப் பொறுப்பாகும்.

காணப்படாத மூன்றாம் தரப்பு

தகைமை விதியைத் தளர்த்தும் ஒவ்வொரு முறையும் மறக்கப்படும் தரப்பொன்று உண்டு. விதியை வாசித்து, 'எனக்குத் தகைமை இல்லை' என்று நேர்மையாக ஒதுங்கிக்கொண்டவர்களே அத்தரப்பினர். ஆந்திரப் பிரதேசத்தின் விஜயநகர மாவட்டத்தில் உள்ள வதிவிடப் பாடசாலையொன்றுக்கான ஆசிரியர் நியமனம் குறித்த வழக்கில், 1990ஆம் ஆண்டு இந்திய உச்ச நீதிமன்றம் இதனை மிகத் தெளிவாக எடுத்துரைத்தது. முதுமாணிப் பட்டத்தில் குறைந்தது இரண்டாம் வகுப்புச் சித்தி கோரப்பட்டிருந்த பதவிக்கு, அத்தகைமை இல்லாத ஒருவர் தெரிவு செய்யப்பட்டிருந்தார். இது நியமிப்பவருக்கும் நியமனம் பெற்றவருக்கும் இடையிலான விவகாரம் மாத்திரமல்ல. அதேயளவு அல்லது அதைவிடக் கூடிய தகைமை இருந்தும், விளம்பரத்தை நம்பி விண்ணப்பிக்காது விட்ட அனைவருக்கும் இழைக்கப்படும் மோசடியாகும் என நீதிமன்றம் குறிப்பிட்டது.

விதியை இடைநடுவில் கடுமையாக்குவதும் அவ்வாறே தவறானது. ஆட்டம் தொடங்கிய பின் விதியை மாற்றக் கூடாது என்ற கோட்பாட்டை, 2024ஆம் ஆண்டு நவம்பர் 7ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஐவர் கொண்ட அரசியலமைப்பு ஆயம் உறுதிப்படுத்தியது. மாற்றத்துக்கு விதிகளோ விளம்பரமோ முன்கூட்டியே இடமளித்திருந்தால் அன்றி, தெரிவு தொடங்கிய பின் தகைமை அளவுகோலை மாற்ற முடியாது. அவ்வாறு இடமளித்திருந்தாலும் மாற்றம் எதேச்சையானதாக இருத்தலாகாது என்றது அத்தீர்ப்பு.

தமிழ் மொழிமூல விண்ணப்பதாரிகளுக்கு மேலும் ஒரு இடையூறு உண்டு. வர்த்தமானி அறிவித்தலின் மும்மொழிப் பிரதிகளுக்கிடையில் முரண்பாடு காணப்படின் சிங்களப் பிரதியே மேலோங்கும் என்ற வாசகம் ஆட்சேர்ப்பு அறிவித்தல்களில் அடிக்கடி இடம்பெறுகின்றது. மொழிபெயர்ப்பாளரின் தவறுக்கான தண்டனையைத் தமிழில் வாசித்து விண்ணப்பித்தவர் அனுபவிக்க வேண்டும் என்பதே இதன் நடைமுறைப் பொருள். தமிழும் அரசகரும மொழி என அரசியலமைப்பு கூறும் நாட்டில், தமிழ்ப் பிரதியை நம்பிச் செயற்பட்ட விண்ணப்பதாரிக்குச் சாதகமாகவே ஐயம் தீர்க்கப்பட வேண்டும்.

காரணம் கேட்கும் உரிமை

தகைமை மறுக்கப்பட்ட ஒருவருக்கு இன்று என்ன வழி உண்டு? அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்ய ஒரு மாத காலமே வழங்கப்பட்டுள்ளது. அக்காலத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டு விசாரணை நிலுவையில் இருக்குமாயின், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின்படி விசாரணைக் காலம் அந்த ஒரு மாதத்தில் சேர்க்கப்படமாட்டாது. மாகாண நியமனங்கள் தொடர்பில் மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கோரவும் வழியுண்டு. ஆனால் 'தகைமை இல்லை' என்று வாய்மொழியாகக் கூறி அனுப்பப்பட்டவர், எந்தத் தகைமை இல்லை என்பதை அறிவதற்குள்ளேயே ஒரு மாதம் கழிந்துவிடுகின்றது.

ஆகவே காரணம் எழுத்தில் கிடைப்பதே எல்லாப் பரிகாரங்களுக்கும் முதற்படி. 1997ஆம் ஆண்டின் இலங்கைச் சட்ட அறிக்கைகளில் வெளியான தொழில் ஆணையாளர் தொடர்பான வழக்கொன்றில் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ, காரணங்களுடன் கூடிய பரிசீலனைக்கு ஒருவர் உரித்துடையவர் என்றும், நீதிமன்ற மீளாய்வின் போதும் காரணம் மறைக்கப்பட்டால் அத்தீர்மானம் எதேச்சையானதெனக் கருதப்பட இடமுண்டு என்றும் சுட்டிக்காட்டினார். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 35ஆம் பிரிவு, தீர்மானமொன்றினால் பாதிக்கப்பட்டவர் கோரும் பட்சத்தில் அதற்கான காரணங்களை வழங்குவது பகிரங்க அதிகாரசபை அலுவலரின் கடமை என விதிக்கின்றது. இப்பிரிவை எமது இளைஞர்கள் போதிய அளவு பயன்படுத்த வேண்டும். நேர்முகப் பரீட்சையில் நிராகரிக்கப்பட்ட மறுநாளே எழுத்தில் காரணம் கோருவதை ஒவ்வொரு விண்ணப்பதாரியும் பழக்கமாக்கிக்கொள்வது நன்று.

அரசாங்கமும் மாகாண நிருவாகங்களும் செய்ய வேண்டியவை பெருஞ்செலவு பிடிப்பவை அல்ல. அறிவித்தலில் இடம்பெறும் 'நிரந்தர வதிவிடம்', 'தொடர்ச்சியான சேவை', 'சமமான தகைமை' ஆகிய சொற்களுக்கு வரைவிலக்கணம் அந்த அறிவித்தலிலேயே தரப்பட வேண்டும். இடம்பெயர்ந்தோர், திருமணத்தால் குடிபெயர்ந்த பெண்கள், தோட்ட முகவரியில் வாழ்வோர் ஆகியோர் எந்த ஆவணத்தைச் சமர்ப்பிக்கலாம் என்பது முன்கூட்டியே பட்டியலிடப்பட வேண்டும். நேர்முகப் பரீட்சைக்கு முன்னரே தகைமைப் பரிசோதனை முடிக்கப்பட்டு, நிராகரிக்கப்பட்டோருக்கு எழுத்தில் காரணமும் மேன்முறையீட்டுக்கு இரண்டு வாரமேனும் அவகாசமும் வழங்கப்பட வேண்டும். ஒரு சபை அளித்த விளக்கம் ஏனைய சபைகளையும் கட்டுப்படுத்தும் வகையில் பகிரங்கப்படுத்தப்பட வேண்டும். கிழக்கு மாகாண சபையின் காலம் 2017இலும் வட மாகாண சபையின் காலம் 2018இலும் முடிவடைந்து, நியமன விடயங்கள் மக்களால் தெரிவு செய்யப்பட்ட சபையின் கண்காணிப்பின்றி ஆளுநர் நிருவாகத்தின் கைக்குச் சென்ற அனுபவத்தின் பின்னர், இத்தகைய வெளிப்படைத்தன்மை மேலும் இன்றியமையாததாகின்றது.

விண்ணப்பதாரிகளின் வழக்குகள் ஆண்டுக் கணக்கில் நீளும்போது வெற்றிடங்கள் வெற்றிடங்களாகவே இருந்துவிடுகின்றன. அந்த ஆண்டுகளில் மன்னாரிலும் மூதூரிலும் மொனராகலையின் தோட்டங்களிலும் கணித, விஞ்ஞான, ஆங்கில ஆசிரியர் இன்றிச் சாதாரணதரப் பரீட்சைக்குத் தோற்றும் மாணவருக்கு எந்த நீதிமன்றமும் மறு பரீட்சை வழங்கப்போவதில்லை. அடுத்த ஆட்சேர்ப்பு அறிவித்தலை வரைபவர்கள் அம்மாணவரை மனதில் இருத்தி, ஐயத்துக்கு இடமில்லாத சொற்களில் அதனை வரைய வேண்டும் என வலியுறுத்துகின்றோம்.